வாத்தியாருக்கு வாத்தியார்

அன்புள்ள சோடாபுட்டி,

உன் கடிதம் கிடைத்தது. இங்கே எல்லோரும் நலம். முட்டிவலி எனக்கும் உண்டு. அதற்காக நாலு பக்கமா எழுதுவார்கள்? மீசைக்காரர் வீட்டுக் கல்யாணத்துக்கு நீ வராதது மன்னிக்க முடியாத குற்றம். பாயசத்துக்கு நடந்த ரகளையை நேரில்தான் சொல்ல வேண்டும்.

அதைவிடப் பெரிய ரகளை ராத்திரி நடந்தது. பையன்கள் சேர்ந்து 'சபாபதி' போட்டுப் பார்த்தார்கள். 1941இல் வந்த படம், விழுந்து விழுந்து சிரித்தார்கள். எல்லாம் முடிந்ததும் ஒருவன், "டி.ஆர்.ராமச்சந்திரன் பிரமாதம். ஆமா, அந்த வேலைக்காரர் யாரு தாத்தா?" என்றான். எனக்குச் சுருக்கென்றது.

யாரா! காளி என்.ரத்தினம் இல்லாமல் அந்தப் படம் ஏது? எஜமானாக வரும் ராமச்சந்திரன் சோடாவை உடைத்துக்கொண்டு வரச் சொன்னால், புட்டியையே உடைத்துவிடுகிற ஆள். அந்த இடத்தில் அவர் முகத்தைப் பார். சிரிக்க வைக்கிறோம் என்கிற நினைப்பே அதில் கிடையாது. சொன்னதைச் செய்தேன், இதில் என்ன தப்பு என்கிற மாதிரி ஒரு சிரத்தை. ராமச்சந்திரன் முழியை உருட்டி வாங்குகிற சிரிப்பில் பாதி இவர் போட்ட பிச்சை.

நீ கலைவாணர் என்.எஸ்.கே. கட்சி, தெரியும். அவர் சிரிக்க வைத்துவிட்டுக் கூடவே ஒரு புத்திமதியும் சொல்லி அனுப்புவார். ரத்தினத்திடம் அந்த வம்பே இல்லை. அங்கே ஜோடி டி.ஏ.மதுரம் என்றால் இங்கே சி.டி.ராஜகாந்தம். 'சபாபதி'யில் குந்தளமாக அந்த அம்மாள் வாயைத் திறந்தால் இவர் பம்முகிற பம்மல் இருக்கிறதே! சரி, சண்டையை அப்புறம் வைத்துக்கொள்வோம்.

மனசை அறுப்பது வேறு. மதுரை ஒரிஜினல் பாய்ஸ் நாடகக் கம்பெனியில் ரத்தினம் பையன்களுக்கு நடிப்புச் சொல்லிக்கொடுத்தவர். அங்கே இருந்த பையன்களில் ஒருவர் எம்.ஜி.ஆர். நாடே வாத்தியார் என்று கூப்பிட்டவருக்கு இவர் வாத்தியார்! மேடையில் காளி வேஷம் கட்டியே பெயருக்கு முன்னால் காளி ஒட்டிக்கொண்டது. மைக் இல்லாத கொட்டகையில் கடைசி வரிசை வரைக்கும் கேட்கக் கத்திப் பழகிய தொண்டை அது. பேசும்படம் வந்தபோது நாடகக்காரர்கள் பலர் காமிரா முன்னாலும் அதே கத்தல்தான் கத்தினார்கள். இவரோ 'சபாபதி'யில் பக்கத்து வீட்டு ஆள் மாதிரி பேசுகிறார். இத்தனை வித்தை தெரிந்தவருக்கு அந்தப் படம் கொடுத்தது துண்டும் வேலைக்கார வேஷமும். பையன்களிடம் இதையெல்லாம் சொன்னேன். பாதியிலேயே இரண்டு பேர் தூங்கிவிட்டார்கள்.

உன் மாமா சேர்த்து வைத்த சினிமாப் பாட்டுப் புத்தகப் பெட்டி இன்னும் பரணில்தானே இருக்கிறது? 1943இல் வந்த 'திவான் பகதூர்' படத்துப் புத்தகம் அதில் இருக்கிறதா என்று பார். அந்தப் படத்திலும் ரத்தினம், ராஜகாந்தம் ஜோடிதான். கிடைத்தால் தபாலில் போடாதே, நீயே எடுத்துக்கொண்டு வா. முட்டிவலியைச் சாக்குச் சொல்லாதே.

இப்படிக்கு,
உன் ஓட்டைவாய்