பரங்கிக்காயும் பொடி தூவிய நான் ரொட்டியும்

தண்டையார்பேட்டை,
மார்கழி, வியாழக்கிழமை

அன்புள்ள மகளுக்கு,

வரும் சனிக்கிழமை உன்னுடன் வேலை செய்பவர்கள் எட்டுப் பேர் ஸ்டுட்கார்ட் வீட்டுக்கு வருகிறார்கள் என்றும், சாப்பாட்டுக்கு முன்னால் கொறிப்பதற்கு நம் ஊர்ச் சாயலில் ஏதாவது வேண்டும், ஆனால் வடையும் பஜ்ஜியும் கூடாது என்றும் கேட்டிருந்தாய். ஓய்வு பெற்ற பிறகு மாலைச் சிற்றுண்டி என் பொறுப்பு என்பதால் அம்மா இந்தக் கேள்வியை என்னிடம் தள்ளிவிட்டாள். மூன்று முறை செய்து பார்த்துவிட்டே எழுதுகிறேன்: இட்லி மிளகாய்ப்பொடி தூவிய நான் ரொட்டி, தொட்டுக்கொள்ளச் சுட்ட பரங்கிக்காய் டிப்.

இரண்டு ஊர்ச் சமையலைக் கலந்தால் சரியாக வருமா என்று தயங்கியிருந்தாய். சின்ன வயதில் பீச் ஸ்டேஷன் எதிரே என் கையைப் பிடித்துக்கொண்டு நின்று நீ தின்ற அத்தோ என்னவாம்? 1960களில் பர்மாவிலிருந்து திரும்பிய தமிழர்கள் கொண்டுவந்த அந்த நூடுல்ஸைப் புளிக்கரைசலும் பூண்டு எண்ணெயும் வெங்காயமும் பேஜோ என்கிற மொறுமொறு வில்லையை நொறுக்கியும் சேர்த்துக் கையால் பிசைந்து தருகிறார்கள். அதை வேற்று நாட்டுப் பண்டம் என்று வடசென்னையில் யாரும் ஒதுக்குவதில்லை. பரங்கிக்காயும் அமெரிக்கக் கண்டத்திலிருந்து வந்த காய்தான்.

உங்கள் ஊரில் இப்போது கிடைக்கும் ஆரஞ்சு நிற ஹொக்கைடோ பூசணி இதற்கு மிகவும் பொருத்தம், ஏனெனில் அதன் தோலைச் சீவ வேண்டியதில்லை. நான் முதல் முறை கல்மண்டபம் மார்க்கெட்டில் வாங்கிய பரங்கிக்கீற்றைக் குக்கரில் வேகவைத்து மசித்தேன். அது தண்ணீர் விட்டுக்கொண்டு, சாம்பாருக்கும் கூழுக்கும் நடுவே ஏதோ ஒன்றாக நின்றது. ஆகவே தண்ணீரே படக்கூடாது. ஒரு கிலோ காயை விதை நீக்கிப் பெரிய துண்டுகளாக நறுக்கி, நல்லெண்ணெயும் உப்பும் புரட்டி, உரிக்காத முழுப் பூண்டு ஒன்றுடன் 200 டிகிரி ஓவனில், ஓரங்கள் கருகத் தொடங்கும்வரை வைத்திரு. ஏறக்குறைய 40 நிமிடம் ஆகும். நன்றாக ஆறிய பின், வெறும் வாணலியில் பொன்னிறமாக வறுத்த வெள்ளை எள் நான்கு மேசைக்கரண்டியை நல்லெண்ணெய் விட்டு மைய அரைத்து, அதனுடன் காயையும் பிதுக்கிய பூண்டையும் சேர்த்துக் கொரகொரப்பாக அரைத்துக்கொள். எள் சிவந்துவிட்டால் கசக்கும், கவனம். பரங்கிக்காயின் இனிப்பை அடக்கப் புளிப்பு தாராளமாக வேண்டும். எலுமிச்சைச் சாற்றைக் கடைசியில் சிறிது சிறிதாகப் பிழிந்து, ருசி பார்த்து நிறுத்து. துவையலைவிடத் தளர்வாகவும் பச்சடியைவிடக் கெட்டியாகவும் இருந்தால் அதுவே பதம்.

ரொட்டிக்கு அரைக் கிலோ மைதா, 7 கிராம் உலர் ஈஸ்ட் பொட்டலம் ஒன்று, அரைக் கோப்பை தயிர், உப்பு, ஒரு சிட்டிகை சர்க்கரை, வெதுவெதுப்பான தண்ணீர் ஏறக்குறைய 250 மில்லி. சப்பாத்தி மாவைவிட நெகிழ்வாக, கையில் சற்று ஒட்டும்படி பிசைய வேண்டும்; ஒட்டுகிறதே என்று மாவை மேலும் மேலும் தூவினால் ரொட்டி விறைத்துவிடும். இங்கே முக்கால் மணி நேரத்தில் பொங்கிவிடுகிறது, அங்கே குளிருக்கு இரண்டு மணி நேரம்கூட ஆகலாம்; கடிகாரத்தைப் பார்க்காமல் மாவு இரட்டிப்பாகியிருக்கிறதா என்று பார். இங்கே நான், தேய்த்த ரொட்டியின் ஒரு பக்கத்தில் தண்ணீர் தடவி இரும்புக் கல்லில் ஒட்டி, கல்லையே கவிழ்த்துத் தீயில் காட்டுகிறேன். உன் மின்னடுப்பில் அந்த வித்தை நடக்காது. கல்லில் அடிப்பக்கம் வெந்ததும் ஓவனின் கிரில்லுக்குக் கீழே இரண்டு நிமிடம் வைத்தால் மேலே கொப்புளங்கள் எழும்பும்.

சூட்டோடு நல்லெண்ணெய் தடவி, மிளகாய்ப்பொடியும் பொடியாக நறுக்கிய கறிவேப்பிலையும் தூவி, ஒவ்வொன்றையும் ஆறு துண்டுகளாக வெட்டு. டிப்பை முதல் நாளே செய்து வைக்கலாம், ரொட்டியை அப்படிச் செய்யாதே.

டிப்பின் மேலே நொறுக்கிப் போடப் பொரித்த மோர்மிளகாய் வேண்டும். போன மாதப் பார்சலில் அம்மா வைத்தது மீதி இருக்கும் என்று நினைக்கிறேன். அதைப் பொரிக்கும் முன் சமையலறை ஜன்னலைத் திறந்து வை. சென்ற முறை உன் வீட்டுப் புகை எச்சரிக்கை மணி அடித்து மாடியிலிருந்தவர்கள் இறங்கி வந்தது உனக்கு மறந்திருக்காது.

அன்புடன்,
அப்பா