லத்தீன் வேரிலிருந்து ஆங்கிலச் சொல் செய்பவர்களுக்கு ஒரு திறந்த மடல்

ஆய்வுக்கூடங்களிலும் மருத்துவத்திலும் நிர்வாகத்திலும் இருந்துகொண்டு ஆங்கிலத்துக்குப் புதுச் சொற்கள் செய்து தருகிறவர்களுக்கு, வணக்கம்.

ஆங்கிலத்தைப் படித்துக் கற்றவன் நான். பெரிய சொற்களை வெகுகாலம் உருப்போட்டுத்தான் வைத்திருந்தேன். ஒருநாள் அகராதியில் 'இம்பீட்' (தடுப்பது) என்ற சொல்லின் வேரைப் பார்த்தேன். அதற்குள் லத்தீன் 'பெட்' இருந்தது. பெட் என்றால் கால். காலுக்குத் தளை போட்டால் இம்பீட், தளையை அவிழ்த்துவிட்டால் எக்ஸ்பெடைட், அதாவது விரைவுபடுத்துவது. அட, பெடல், பெடஸ்ட்ரியன் எல்லாவற்றிலும் அதே கால்தான்! அதற்கப்புறம் அந்தச் சொற்கள் எனக்கு மறந்ததே இல்லை.

உங்களிடம் நான் கேட்பது இதைத்தான். சொல்லைக் கொடுக்கும்போது அதற்குள் இருக்கிற காலையும், அதாவது வேரையும், காட்டிவிடுங்கள்.

லத்தீனே வேண்டாம் என்று சொல்ல வரவில்லை. 16ஆம் நூற்றாண்டில் ஜான் சீக் என்ற ஆங்கில அறிஞர் அப்படி முயன்றவர். லத்தீன் 'லூனா' என்றால் நிலா என்பதால், பித்துப் பிடித்தவரைக் குறிக்கும் 'லூனடிக்' என்பதை விட்டுவிட்டு, ஆங்கில 'மூன்' என்பதிலிருந்தே 'மூண்ட்' என்று எழுதிப் பார்த்தார். எடுபடவில்லை. எனக்குப் பிடித்தவர் அதே காலத்து ஆங்கில எழுத்தாளர் தாமஸ் எலியட். 1531இல் வந்த தன் நூலில் 'மெச்சூரிட்டி' (முதிர்ச்சி) என்ற சொல்லைப் பயன்படுத்தியபோது, இது வாசகருக்குப் புதிது, புரியாது என்று அவருக்குத் தெரிந்திருந்தது. அதனால் அங்கேயே நின்று, பறித்துத் தின்னும் பதத்துக்குப் பழுத்த பழத்தைக் காட்டி விளக்கிவிட்டுத்தான் மேலே போனார். 1944இல் சட்ட அறிஞர் ரஃபேல் லெம்கினும் 'ஜெனோசைட்' (இனப்படுகொலை) என்ற சொல்லை அப்படித்தான் தந்தார். இனத்தைக் குறிக்கும் கிரேக்கச் சொல், கொல்வதைக் குறிக்கும் லத்தீன் வேர் என்று இரண்டையும் பிரித்துக் காட்டினார். கிரேக்கத்தையும் லத்தீனையும் கலக்கலாமா என்ற சண்டை எனக்கு முக்கியமாகத் தோன்றவில்லை. டெலிவிஷனும் அப்படிக் கலந்து பிறந்ததுதான்.

நிர்வாகத்தில் இருப்பவர்களிடம் மட்டும் கொஞ்சம் கோபமாகவே பேச வேண்டியிருக்கிறது. பிரிட்டனில் ஆட்குறைப்பு செய்யும்போது தொழிலாளியை 'ரிடண்டண்ட்', அதாவது தேவைக்கு மிஞ்சியவர், என்கிறார்கள். அதன் லத்தீன் வேர் 'உண்டா', அதாவது அலை. கரைமீறி வழிந்தோடும் தண்ணீர் என்பதுதான் அதற்குள் இருக்கிற படம். இருபது வருஷம் உழைத்தவரை நேருக்கு நேர் பார்த்து 'நீ வழிந்துபோன தண்ணீர்' என்று யாராலும் சொல்ல முடியாது. லத்தீனில் சொன்னால் முடிகிறது. கூசவேண்டிய இடத்தில் நாக்கு கூசாமல் போவதற்காக லத்தீனைத் தேடாதீர்கள். 'உங்களுக்கு இனி இங்கே வேலை இல்லை' என்று எளிய சொற்களில் சொன்னால், கேட்பவர் எதிர்க்கேள்வியாவது கேட்பார்.

சரி, மற்றவர்களிடம் ஒரே வேண்டுகோள். புதுச் சொல் முதன்முதலாக அச்சேறும் பக்கத்திலேயே அதன் வேரையும் பொருளையும் ஒரு வரியில் எழுதிவிடுங்கள். அடிக்குறிப்பில் வேண்டாம், சொல்லுக்குப் பக்கத்திலேயே வையுங்கள்.

அன்புடன்,
அகராதியோடு படிக்கும் ஒரு வாசகன்