காரை எடுத்து வந்தவர்

அன்புள்ள மகனுக்கு,

நாங்கள் சுகம். அம்மாவின் முழங்கால் அப்படியேதான் இருக்கிறது. மருத்துவக் காப்புறுதிப் பணத்தை மாதம் தவறாமல் கட்டுகிறாயா? தலைக்குத் தொப்பி போடாமல் திரியாதே.

போன கிழமை டெரிக் துப்பறியும் தொடரின் பழைய பகுதி ஒன்றை மறுபடியும் பார்த்தேன். அகதி முகாமின் பொது அறையில் வெள்ளிக்கிழமை இரவுகளில் அதைப் பார்த்துத்தான் எனக்கு ஜேர்மன் வந்தது. டெரிக் ஒவ்வொரு சொல்லாக நிறுத்திப் பேசுவார், எங்களுக்கு வசதியாக இருந்தது. ஆனால் என் கண் அவருக்குப் பக்கத்தில் நிற்கும் உதவியாளர் ஹாரி மேல்தான் இருக்கும். நடித்தவர் ஃபிரிட்ஸ் வெப்பர்.

உணவகத்தில் கோப்பை கழுவிய காலத்தில், குப்பை வாளி நிறைந்தால் சமையல்காரர் என்னைப் பார்த்து, "ஹாரி, காரை எடுத்து வா" என்பார். எல்லாரும் சிரிப்பார்கள். நானும் சிரிப்பேன். டெரிக் ஹாரியிடம் சொல்வதாக எல்லாரும் நம்பும் வசனம் அது. 1974 முதல் 1998 வரை 281 பகுதிகள் வந்தன. அதே சொற்களில் அந்த வசனம் ஒன்றில்கூட இல்லையாம். யாரும் சொல்லாத வசனம் அந்த மனிதரைக் கடைசி வரை விடவில்லை.

அவரைச் சாதாரணமாக நினைக்காதே. 1959இல் வந்த 'பாலம்' படத்தில், போர் முடியும் நாட்களில் ஒரு பாலத்தைக் காக்க நிறுத்தப்பட்ட பள்ளிப் பையன்களில் உயிரோடு மிஞ்சுகிறவன் அவர்தான். 1972இல் 'கபரே'. அதில் யூதன் என்பதை மறைத்து வாழ்கிறவனாக வருவார். எட்டு ஆஸ்கார் வாங்கிய படம். அதற்குப் பிறகும் இருபத்துநான்கு வருடம் இன்னொருவருக்குப் பக்கத்தில் நின்றார். டெரிக் விசாரிக்கும்போது நீ ஹாரியின் முகத்தைப் பார். சும்மா நிற்க மாட்டார், கேட்டுக்கொண்டிருப்பார். அறுபது வயதுக்குப் பிறகுதான் இன்னொரு தொடரில் கன்னியாஸ்திரிகளோடு மல்லுக்கட்டும் மேயராக 2002 முதல் 2021 வரை வீட்டுக்கு வீடு தெரிந்தார். உனக்கு முப்பத்துமூன்றுதான். நான் அவசரப்படுத்தவில்லை, அம்மாதான் கேட்கிறாள்.

வெப்பர் 'கொமிஸார்' என்ற பொலிஸ் தொடரை விட்டு டெரிக்குக்கு வந்தபோது அந்த இடத்துக்கு அவருடைய தம்பி எல்மர் வந்தார். உடன்பிறப்புகள் அப்படித்தான் இருக்க வேண்டும். நீ அக்காவுக்காவது தொலைபேசி எடுக்கிறாயே. எங்கள் இலக்கமும் மாறவில்லை.

நீ பொதி கொண்டுவருகிறவனாக நடித்த பகுதியை நான்கு தடவை பார்த்துவிட்டேன். முதல் தடவை அம்மா கண்ணாடியைத் தேடி எடுப்பதற்குள் காட்சி முடிந்துவிட்டது. மணியை அழுத்துவதற்கு முன் பொதியை வலக்கையிலிருந்து இடக்கைக்கு மாற்றி, விரல்களைக் காற்சட்டையில் துடைத்தாயே, அதை யார் சொல்லித் தந்தார்கள்? நான் உணவகத்தின் பின்கதவில் நின்று அப்படித்தான் துடைப்பேன். நீ பார்த்திருப்பாய் என்று நான் நினைக்கவே இல்லை.

காப்புறுதியைக் கட்டு. உங்கள் தொழிலில் வேலை வரும், போகும். வருத்தம் சொல்லிக்கொண்டு வராது.

ஹம் நகரத்துக் காமாட்சி அம்மன் கோயில் தேரன்று சின்னமாமாவின் சம்பந்தி கேட்டபோது, நீ காப்புறுதிக் கம்பெனியில் வேலை செய்கிறாய் என்று சொல்லிவிட்டேன். தண்ணீர்ப் போத்தலோடு நீ எனக்குப் பின்னால் நின்றது தெரியாது. இல்லை, தெரியும். நிழல் விழுந்தது. தெரிந்துகொண்டே இன்னும் இரண்டு பொய் சொன்னேன், சம்பளம்கூடச் சொன்னேன். நீ ஒன்றும் பேசவில்லை. "காரை எடுத்துக்கொண்டு வருகிறேன் அப்பா" என்று போனாய். வீடு வரும்வரை வானொலி மட்டும்தான் பேசியது.

போன ஞாயிறு அந்தச் சம்பந்தியைத் தொலைபேசியில் அழைத்து, நீ வரும் பகுதியை எங்கே பார்க்கலாம் என்று சொன்னேன். அவர் பார்த்தாரோ தெரியாது.

நீ அறையை மாற்றிவிட்டதாக அக்கா சொன்னாள். ஏன் என்று கேட்கவில்லை. விலாசமும் கேட்கவில்லை, இதை அவளிடமே கொடுத்துவிடுகிறேன். அம்மா வறுத்த மிளகாய்த்தூள் அரைக் கிலோவும் இருக்கிறது. புது அறையில் ஹீட்டர் வேலை செய்கிறதா என்று மட்டும் எழுது.

அப்பா