சாஞ்சி யாருக்கும் பாக்கி வைக்கவில்லை

ஆசிரியருக்கு வணக்கம்.

போன இதழில் 'ஒன் பீஸ்' என்ற கடற்கொள்ளையர் கதைக்கு, அதாவது ஜப்பான் கார்ட்டூன் தொடரான அனிமேவுக்கு, இரண்டு பக்கம் ஒதுக்கியிருந்தீர்கள். அதற்கு முதலிலேயே நன்றி சொல்லிவிடுகிறேன், அப்புறம் சொல்ல மனசு வராது. அதில் வரும் சாஞ்சியைப் பற்றி "கடனை அடைக்க முடியாமல் ஹோட்டலில் மாட்டிக்கொண்ட சமையல்காரன்" என்று உங்கள் கட்டுரையாளர் எழுதியிருக்கிறார். கடனுக்கு வேலை பார்த்தது கதாநாயகன் லூஃபி, ஐயா! கடற்படைக்காரன் சுட்ட பீரங்கிக் குண்டை அவன் திருப்பி அடிக்கப்போய், அது ஹோட்டல் முதலாளி ஸெஃப்பின் அறையில் விழுந்து, ஒரு வருஷம் எடுபிடி வேலை பார்த்துக் கழி என்று அவர் சொல்லிவிட்டார். படம் பார்த்த எந்தப் பையனைக் கேட்டாலும் சொல்லியிருப்பான்.

சாஞ்சி கதையே வேறு என்பது உங்களுக்குத் தெரியாததல்ல. அவன் சிறுவனாக இருந்தபோது, கப்பல் உடைந்து நடுக்கடல் பாறையில் அவனும் ஸெஃப்பும் ஒதுங்குகிறார்கள். இருந்த சாப்பாடு முழுவதையும் ஸெஃப் சின்னப் பையனிடம் கொடுத்துவிட்டு, தன் பங்கு என்று ஒரு பெரிய மூட்டையை வைத்துக்கொள்கிறார். பசி தாங்காமல் பையன் கத்தியோடு போய் மூட்டையைக் கிழித்தால் உள்ளே அத்தனையும் காசும் நகையும். மனிதர் தன் காலைத் தின்று உயிரோடு இருந்திருக்கிறார். (இது மூலக்கதையான மங்கா சித்திரக்கதையில். டிவிக்கு இது தாங்காது என்று, அவனைக் கடலில் காப்பாற்றும்போதே கால் போனதாக மாற்றிவிட்டார்கள்.) இதற்கு ரசீது எப்படிப் போடுவது? ஸெஃப்பும் கேட்கவில்லை. போய்த் தொலை என்று விரட்டிக்கொண்டேதான் இருக்கிறார். சாஞ்சி லூஃபியோடு கிளம்புகிற நாளில் அவர் வாயில் வருவது, "சளி பிடிக்காம பாத்துக்கோ" என்ற அளவுதான். அதற்கே அவன் நெற்றி தரையில் பட விழுந்து, இத்தனை வருஷம் சோறு போட்டதை உயிருள்ளவரை மறக்க மாட்டேன் என்று கதறுகிறான்.

எங்கள் சொந்தத்தில் ஒருவர் எனக்குக் காலேஜ் ஃபீஸ் கட்டினார். இல்லை என்று நான் சொன்னதே கிடையாது. ஆனால் கல்யாணமோ காதுகுத்தோ, பந்தியில் உட்கார்ந்து சாம்பார் வருவதற்குள், "இவனை நான்தான் படிக்க வெச்சேன்" என்று பக்கத்து இலைக்காரரிடம் சொல்லியாக வேண்டும் அவருக்கு. பணத்தைத் திருப்பிக் கொடுத்தும் ஆயிற்று, பேச்சு நின்றபாடில்லை. அப்படிப்பட்ட பந்தியில் தலையைக் குனிந்துகொண்டு சாப்பிட்டவனுக்குத் தெரியும், ஸெஃப் வாயைத் திறக்காததன் அருமை.

இதையெல்லாம் உங்கள் கட்டுரையாளர் "அழவைக்கும் சுலபமான தந்திரம்" என்கிறார். அதே ஹோட்டலில் காசில்லாமல் பட்டினியாக வந்த கின் என்ற கடற்கொள்ளைக்காரனுக்கு சாஞ்சி சோறு போடுகிறான். கின்னின் தலைவன் க்ரீக்கும் வந்து சாப்பிடுகிறான், சாப்பிட்ட கையோடு சோறு போட்டவனையே அடிக்கிறான். கின்னுக்கோ சாஞ்சியைக் கொல்லச் சொன்னால் கை வரவில்லை, அழுகிறான். இரண்டு பேர் வயிற்றிலும் போனது ஒரே சாப்பாடு. லூஃபியின் கூட்டாளிப் பெண் நாமியிடம் 10 கோடி பெர்ரி (அந்தக் கதையின் பணம்) கொண்டுவந்தால் உன் கிராமத்தை விட்டுவிடுகிறேன் என்ற கொள்ளைக்காரன் ஆர்லாங், பணம் சேரப்போகிற நேரத்தில் கடற்படை அதிகாரியை ஏவிவிட்டு அதைப் பிடுங்கவைக்கிறானே, அதுவும் தந்திரமா? நம் ஊர் கந்துவட்டிக்காரர்களிடம் கேட்டால் விளக்குவார்கள். 'ஃப்ரீரன்' என்ற இன்னொரு அனிமே தொடரில் ஃபெர்ன் என்ற சின்னப் பெண் எதிர்மலைப் பாறையை மந்திரத்தால் துளைக்க ராப்பகலாகப் பழகுவது எதற்கு? தன்னை எடுத்து வளர்த்த கிழவர் ஹைட்டர் கண்ணை மூடுவதற்குள், இவளைக் காப்பாற்றியது நல்லதாகப் போயிற்று என்று நினைக்க வேண்டும் என்பதற்காக. இவ்வளவு இருக்க, "சண்டைக்கு நடுவே சென்டிமென்ட்" என்று ஒரு வரியில் முடித்துவிட்டார்.

அவரை மட்டும் சொல்லிப் பயனில்லை. இன்னமும் அனிமே என்றால் நீங்கள் விடுகதைக்கும் வண்ணம் தீட்டும் படத்துக்கும் நடுவில்தானே போடுகிறீர்கள். கால் தின்ற கதையை சிறுவர் பகுதியில் அச்சடித்த பெருமையும் உங்களுக்கே. முன்பு ஜப்பான் இயக்குநர் மியாசாகியின் 'ஸ்பிரிட்டட் அவே' படம் பற்றிய குறிப்புக்கு வேறு ஏதோ படத்தின் ஸ்டில்லைப் போட்டிருந்தீர்கள். அதற்கும் எழுதினேன், வெளியிடவில்லை. சமையல் குறிப்பில் உப்பு அளவு தப்பு என்று ஒருவர் எழுதியது மட்டும் அடுத்த இதழிலேயே கட்டம் கட்டி வந்தது.

பெரிதாக ஒன்றும் கேட்கவில்லை. பீரங்கிக் குண்டுக்காக எடுபிடி வேலை பார்த்தது லூஃபி, சாஞ்சி அல்ல என்று ஒரு வரி திருத்தம் போடுங்கள். ராசிபலனுக்குக் கீழே போட்டாலும் சரி.

இப்படிக்கு,
பழைய சந்தாதாரர் ஒருவர்