பச்சைக் கட்டைவிரலா, கைப்பக்குவமா?

அன்புள்ள ஆசிரியருக்கு,

வணக்கம். சென்ற இதழின் மாடித்தோட்டக் கட்டுரையில் 'அவருக்குப் பச்சைக் கட்டைவிரல் உண்டு' என்று ஒரு வரி வந்திருந்தது. சத்தமாகப் படித்தேன். பக்கத்தில் இருந்த அம்மா, "ஏன், விரலில் அடிபட்டுவிட்டதா?" என்று கேட்டார்.

'கிரீன் தம்ப்' என்பது அமெரிக்க வழக்கு. பிரிட்டனில் 'கிரீன் ஃபிங்கர்ஸ்' என்பார்கள். ஜெர்மன்காரர்களுக்கும் கட்டைவிரல்தான், பிரெஞ்சுக்காரர்கள் முழுக் கையையும் பச்சை என்கிறார்கள். எப்படிச் சொன்னாலும், செடிகொடிகளை நன்றாக வளர்க்கிற திறமைதான் பொருள். அதைச் சொல்லுக்குச் சொல் பெயர்த்தால் நம் வாசகருக்கு விரல்தான் தெரியும், தோட்டம் தெரியாது.

சரி, தமிழில் என்ன சொல்வது? பலரும் 'கைராசி' என்பார்கள். கைராசியான டாக்டர், கைராசிக்காரர் கையால் முதல் போணி என்பதெல்லாம் நம் பேச்சில் இருப்பதுதான். ஆனால் அந்தச் சொல்லில் ராசி இருக்கிறது, திறமை இல்லை. இதை நான் என் சித்தியிடமிருந்து தெரிந்துகொண்டேன்.

எங்கள் தெருவில் யார் வீட்டில் கன்று வைத்தாலும் "உன் கையால் வை" என்று சித்தியைத்தான் கூப்பிடுவார்கள். சித்தப்பா இறந்த பிறகு ஒருவரும் கூப்பிடவில்லை. அதே கைதான், ராசி மட்டும் போய்விட்டதாம். எதிர்வீட்டில் அவர் முன்பு நட்ட முருங்கைப் போத்து அப்போதும் கொத்துக் கொத்தாகக் காய்த்துக்கொண்டிருந்தது. இதை நினைத்தால் இன்றும் எனக்கு ஆறவில்லை.

சித்தி செய்ததில் ராசி எதுவும் கிடையாது. செம்பருத்திக் குச்சியைக் கணுவுக்குக் கீழே சாய்வாக வெட்டி நிழலில் ஊன்றுவார். வேர் விட்டதா என்று பிடுங்கிப் பார்க்க எங்களை விடமாட்டார். கறிவேப்பிலைக்குத் தாய்மரத்தின் வேரிலிருந்து கிளம்பும் பக்கக்கன்றைத் தேடி எடுப்பார். மண்ணுக்குள் விரலை விட்டுப் பார்த்து, ஈரம் இருந்தால் அன்று தண்ணீர் கிடையாது. கார்த்திகை வந்தால் மல்லிகையை முழங்கால் உயரத்துக்குக் கவாத்து செய்துவிடுவார். பூத்துக்கொண்டிருந்த செடியை மொட்டையடித்துவிட்டாரே என்று நாங்கள் அழுவோம். அப்புறம் கோடையில் பறித்து மாளாது.

சமையலில் இப்படிப்பட்ட கைக்கு நாம் 'கைப்பக்குவம்' என்கிறோம். பக்குவம் பார்த்துப் பழகி வருவது. ஒருவர் தாலியோடு போய்விடாது. ஆகவே 'செடி வளர்ப்பதில் நல்ல கைப்பக்குவம் உள்ளவர்' என்று எழுதலாமே. உங்கள் கட்டுரையாளரிடம் இதைச் சொல்லுங்கள். அவருடைய உரக்குறிப்புகள் நன்றாக இருக்கின்றன, தொடர்ந்து படித்துவருகிறேன்.

இப்படிக்கு,
ஒரு வாசகி,
கும்பகோணம்