கூலிக்கு ஆடுகிறவன்

சாட்ஸ்வொர்த், டர்பன்
7 டிசம்பர் 2025

அன்புள்ள நண்பா,

உன் கடிதம் கார்த்திகை விளக்கு ஏற்றிய வாரத்தில் வந்து சேர்ந்தது. கையில் எண்ணெய்ப் பிசுக்கு இருக்கும்போதே உறையைக் கிழித்துவிட்டேன். உன் முதல் பக்கத்தின் ஓரத்தில் இப்போது என் கட்டைவிரல் ரேகை நிற்கிறது. முழங்கால் சிகிச்சை நல்லபடியாக முடிந்ததும், மாடிப்படி ஏறத் தொடங்கிவிட்டாய் என்பதும் பெரிய நிம்மதி. காது கேட்பது குறைந்த பிறகு நீ தொலைபேசியைத் தொடுவதில்லை. அதனால்தான் நமக்குள் மறுபடி கடிதம் ஓடுகிறது. சனிக்கிழமைப் பள்ளியில் கற்ற தமிழ் இந்த வயதில் நம் இருவருக்கும் இப்படிப் பயன்படுகிறது.

இங்கே லிச்சி பழுத்துவிட்டது. பக்கத்து வீட்டு மரத்துக் கிளை இந்த ஆண்டும் நம் சுவருக்கு இந்தப் பக்கம்தான் காய்த்திருக்கிறது. வெள்ளிக்கிழமை இரவு உலகக் கோப்பைக் கால்பந்துக் குலுக்கல் பார்த்தாயா? நம் தென்னாப்பிரிக்கப் பையன்கள் மெக்சிகோ பிரிவில் விழுந்திருக்கிறார்கள். 2010-இல் இங்கே நடந்த முதல் ஆட்டமும் மெக்சிகோவோடுதான்; 2026 ஜூன் 11 அன்று அவர்கள் ஊரில், அஸ்டெகா மைதானத்தில், மறுபடியும் முதல் ஆட்டம். அக்டோபரில் ருவாண்டாவை மூன்றுக்குப் பூஜ்யம் என்று வென்று தகுதி பெற்ற இரவில் எங்கள் தெருவே தூங்கவில்லை. 2002-க்குப் பிறகு களத்தில் ஆடித் தகுதி பெற்றது இப்போதுதான் என்பதால் அந்தச் சத்தத்தை நான் பொறுத்துக்கொண்டேன்.

இனி உன் மூன்றாம் பக்கத்துக்கு வருகிறேன். என் பேரனைப் பற்றி எழுதியிருக்கிறாய். "இரண்டு பாஸ்போர்ட், எட்டு கிளப். எந்தக் கொடிக்கும் நிற்காமல் கூலிக்கு மாரடிக்கிறான்." இந்த வரியோடு மூன்று நாள் இருந்தேன். கோபம் முதல் நாளே போய்விட்டது, வருத்தம் போகவில்லை. நீயும் நானும் மேகசின் பாரக்ஸ் தொழிலாளர் குடியிருப்பில் பிறந்தவர்கள். நம் அப்பாக்கள் மாநகராட்சிக்குத் தெரு கூட்டினார்கள், சாக்கடை தோண்டினார்கள். டவுனுக்குள் நடந்தால் "கூலி" என்ற அந்த ஒரு சொல் நம் முதுகில் கல்லாக வந்து விழும். நீ ஒருமுறை அதற்காகத் திரும்பி அடித்து, மூக்கு உடைந்து வந்தாய். உன் அம்மா மஞ்சள் அரைத்துப் போட்டது எனக்கு நினைவிருக்கிறது. நம் மொழியில் கூலி என்றால் செய்த வேலைக்கு வாங்குகிற பணம், அவ்வளவுதான். அந்தச் சொல்லில் இழிவை ஏற்றியவர்கள் வேறு ஆட்கள். நீ அதை எடுத்து என் வீட்டுப் பிள்ளை மேல் எறியக் கூடாது. ஆமாம், அவன் கூலிக்குத்தான் ஆடுகிறான். அந்தக் கூலியில்தான் அவன் அம்மா இரவு நேர வேலையை விட்டாள்.

அவன் கதை உனக்குத் துண்டு துண்டாகத்தான் தெரியும். 2009-இல் என் மகள் தாதி வேலைக்கு இங்கிலாந்து போனபோது அவனுக்குப் பதினான்கு வயது. அங்கே ஒரு கிளப்பின் இளையோர் அணியில் சேர்ந்தான். பத்தொன்பதாவது வயதில் ஒரு மே மாதத்தில், உன் ஒப்பந்தத்தை நீட்டிக்கவில்லை என்று அழைத்துச் சொல்லிவிட்டார்கள். அதே அறையில் அதே காலையில் பதினொரு பையன்களுக்கு அதே வார்த்தையாம். அவர்களில் எட்டுப் பேர் அத்தோடு பந்தை விட்டுவிட்டார்கள். இவன் விடவில்லை. நான்காம் பிரிவு, ஐந்தாம் பிரிவு, இரவலாக ஆறு மாதம், ஸ்காட்லாந்தில் ஒரு பருவம், சைப்ரஸில் இரண்டு, இப்போது ஸ்வீடனில் மூன்றாம் பிரிவு. எங்கும் ஓர் ஆண்டு ஒப்பந்தம், சில இடத்தில் அதுவும் இல்லை. ஒவ்வொரு மே மாதமும் வாடகை வீட்டைக் காலி செய்கிறான். பெட்டியில் இரண்டு ஜோடி பூட்ஸ், முருகன் படம், நான் எழுதிக் கொடுத்த திருக்குறள் தாள்.

ஒரு பருவத்தில் ஒரு ஆட்டக்காரன் மூன்று கிளப்பில் பதிவு செய்துகொள்ளலாம், ஆனால் இரண்டில் மட்டுமே போட்டியில் ஆடலாம் என்று ஃபிஃபா விதி வைத்திருக்கிறது. எனக்கும் முன்பு தெரியாது. ஒருமுறை ஆகஸ்டில் ஓர் இடம், அக்டோபரில் வேறோர் இடம் என்று ஆடியபின், ஜனவரியில் மூன்றாவது கிளப் அவனைக் கூப்பிட்டது. பதிவும் ஆயிற்று. ஏஜென்ட் கணக்குப் பார்க்கவில்லை. பயிற்சிக்குப் போனான், தண்ணீர்ப் போத்தல் தூக்கினான், இளைய பையன்களுக்கு நிற்கும் இடம் சொல்லிக் கொடுத்தான், நான்கு மாதம் ஒரு நிமிடம்கூட ஆடவில்லை. பாதிச் சம்பளம். அந்த நான்கு மாதமும் வாரந்தோறும் எனக்குத் தொலைபேசியில் பேசினான், ஒருமுறைகூட முணுமுணுத்ததில்லை. நண்பா, நீ தோற்ற ஆட்டத்துக்குப் பிறகு இரண்டு நாள் சோறு தின்ன மாட்டாயே, அந்தப் பிடிவாதம்தான் இவனிடம் வேறு உருவத்தில் இருக்கிறது.

ஊர் ஊராகப் போய் ஆடுகிறவனைத் தாழ்த்திப் பேசும் பழக்கம் எங்கிருந்து வந்தது என்று யோசித்தேன். டெல்ரான் பக்லியை நீ மறந்திருக்க மாட்டாய். நம் டர்பன் பையன். போகும், பீலேஃபெல்ட், டார்ட்மண்ட், பாசல், மைன்ஸ், சைப்ரஸில் அனோர்த்தோசிஸ், கார்ல்ஸ்ருகே என்று சுற்றினான். 2004-05 பருவத்தில் பீலேஃபெல்ட் போன்ற சிறிய கிளப்புக்காக ஜெர்மன் முதல் பிரிவில் 15 கோல் அடித்தான். கடைசியில் உன் ஊருக்கே, மாரிட்ஸ்பர்க் யுனைடெட்டுக்கு வந்து சேர்ந்தான். அப்போது நீயே டிக்கெட் வாங்கிக்கொண்டு போய்க் கைதட்டினாய். எனக்குப் பெருமையாக எழுதியும் இருந்தாய். கேப் டவுனில் பிறந்து, சின்ன வயதிலேயே லண்டன் போய், பிராட்ஃபோர்ட், ஓல்டம், டான்காஸ்டர் என்று இங்கிலாந்தின் கீழ்ப் பிரிவுகளில் உழைத்த டீன் ஃபர்மன்தான் 2015 ஆப்பிரிக்கக் கோப்பையில் நம் அணித் தலைவன்.

அதற்கும் முன்னால் ஸ்டீவ் மோகோனே. டர்பன் புஷ் பக்ஸுக்கு ஆடியவர். 1950-களில் இங்கிலாந்தின் கவென்ட்ரி கிளப் அழைத்தபோது, பாஸ்போர்ட் கொடுக்க நிறவெறி அரசு இழுத்தடித்தது. பிறகு ஹாலந்தில் ஹெராக்ளீஸ், வேல்ஸில் கார்டிஃப். ஹாலந்தில் அவர் பெயரில் தெரு இருக்கிறது. நம் அப்பாக்கள் கரீஸ் ஃபவுண்டன் மைதானத்து மரப்பலகையில் உட்கார்ந்து அவரைப் பற்றிப் பேசியதைக் கேட்டுத்தானே நாம் இருவரும் வெறுங்காலோடு பந்து உதைக்கத் தொடங்கினோம்?

பாஸ்போர்ட் என்று எழுதியதும் பேனா நின்றுவிட்டது. 1972-இல் உனக்கு இங்கிலாந்திலிருந்து சோதனை ஆட்டத்துக்கு அழைப்பு வந்தது. விண்ணப்பம் கொடுத்தாய். ஏழு மாதம் கழித்து மூன்று வரியில் மறுத்துவிட்டார்கள், காரணமும் சொல்லவில்லை. அந்தத் தாளை உன் தலையணைக்கு அடியில் வைத்திருந்தாய். அடுத்த ஆண்டு, நிறவெறி விளையாட்டை எதிர்த்த சாகோஸ் அமைப்பு தொடங்கியபோது, இயல்பற்ற சமூகத்தில் இயல்பான விளையாட்டு இருக்க முடியாது என்ற அந்த வாக்கியத்தை நீ எல்லாரையும்விட உரக்கச் சொன்னாய். வெள்ளையர் சங்கம் பணம் காட்டி அழைத்தபோதும் போகவில்லை. உன் இடது காலைப் போன்ற கால் இந்த மாகாணத்தில் இன்னொன்று இருந்ததில்லை. அதை நீ கொள்கைக்குக் கொடுத்தாய். அதற்காக உன்னை நான் இன்றும் வணங்குகிறேன். கொடி என்றால் உனக்கு ஏன் இவ்வளவு வலிக்கிறது என்பதும் எனக்குத் தெரியும்.

ஆனால் அவன் நாட்டை உதறிவிட்டான் என்று எழுதியிருக்கிறாயே, அது நடந்ததற்கு நேர் மாறு. அவன் உதறவில்லை, அவனைத்தான் உதறினார்கள். 2016-இல், இருபத்தொரு வயதில், பிரிட்டிஷ் குடியுரிமை வாங்கினான். விசா கட்டுப்பாடு இருக்கும் ஆட்டக்காரனைச் சிறிய கிளப்புகள் தொடவே தொடாது. அப்போது அந்தப் பாஸ்போர்ட்டைக் காட்டினால் ஐரோப்பா முழுவதும் வேலை பார்க்கலாம். சைப்ரஸ் வாய்ப்பு அப்படித்தான் வந்தது. கொத்தனாருக்குக் கரண்டி எப்படியோ அப்படி அவனுக்கு அது. 1995-ஆம் ஆண்டுக் குடியுரிமைச் சட்டத்தின் ஆறாம் பிரிவு என்ன சொல்லியது தெரியுமா? வயது வந்த ஒருவர் முன் அனுமதி வாங்காமல் வேறு நாட்டுக் குடியுரிமை ஏற்றால், அந்த நொடியே தென்னாப்பிரிக்கக் குடியுரிமை தானாகப் போய்விடும். கடிதம் வராது, எச்சரிக்கை வராது. அவனுக்கும் தெரியாது, என் மகளுக்கும் தெரியாது.

தெரிந்தது 2019-இல், என் மனைவி இறந்தபோது. பழைய பாஸ்போர்ட்டைப் புதுப்பிக்கப் போன இடத்தில், கவுண்டரில் இருந்த பெண் கணினியைப் பார்த்துவிட்டு, நீங்கள் இந்நாட்டுக் குடிமகன் இல்லை என்று சொல்லியிருக்கிறாள். பிரிட்டிஷ் பாஸ்போர்ட்டில் வந்து இறங்கினான். விமான நிலையத்தில் தொண்ணூறு நாள் தங்கலாம் என்று முத்திரை குத்தி, எங்கே தங்குவீர்கள், எதற்காக வந்தீர்கள் என்று கேட்டார்கள். பாட்டிக்கு நெய்ப்பந்தம் பிடிக்க வந்தேன் என்று ஆங்கிலத்தில் எப்படிச் சொல்வது என்று தெரியாமல் அங்கேயே நின்றிருக்கிறான். அன்று இரவு அந்த முத்திரையை என்னிடம் காட்டினான். 1860-இல் ட்ரூரோ கப்பலில் மதராஸிலிருந்து ஒப்பந்தக் கூலிகளாக வந்தவர்களின் பேரப்பிள்ளைகள் நாம். நூறு ஆண்டுக்குப் பிறகு, 1961-இல்தான், நம்மை இந்த நாட்டின் நிரந்தர மக்கள் என்று அரசு ஒத்துக்கொண்டது. மறுபடியும் நம் வீட்டு வாசலில் ஒருவன் விருந்தாளியாக நிற்கிறானே என்று எனக்கு நெஞ்சு அடைத்தது.

அதோடு முடியவில்லை. சில ஆண்டு கழித்து இங்கே ஒரு கிளப் அவனை எடுக்க விரும்பியது. நம் லீகில் ஓர் அணிக்கு ஐந்து வெளிநாட்டு ஆட்டக்காரர்கள்தான். ஐந்து இடமும் நிரம்பிவிட்டது, மன்னிக்கவும் என்றார்கள். சாட்ஸ்வொர்த்தில் பிறந்த பையனுக்கு டர்பனில் வெளிநாட்டவன் என்று பெயர். பிரெக்சிட்டுக்குப் பிறகு, 2021 தொடங்கியதும், ஐரோப்பாவிலும் அந்தப் பிரிட்டிஷ் பாஸ்போர்ட்டின் பாதிப் பலம் போயிற்று. ஸ்வீடனில் வேலை அனுமதிக்காக இரண்டு மாதம் காத்திருந்தான்.

இப்போது நல்ல செய்தி. 2023-இல் உச்ச மேல்முறையீட்டு நீதிமன்றம் அந்தப் பிரிவு செல்லாது என்றது. இந்த ஆண்டு மே 6 அன்று அரசியலமைப்பு நீதிமன்றம் அதை உறுதி செய்துவிட்டது. 1995 அக்டோபரிலிருந்து அப்படிக் குடியுரிமை போனவர்கள் யாரும் அதை இழக்கவே இல்லை என்றே கொள்ள வேண்டும் என்பது தீர்ப்பு. கவனித்தாயா, திருப்பித் தருகிறோம் என்று சொல்லவில்லை. எப்போதும் உங்களுடையதாகவே இருந்தது என்று சொல்லியிருக்கிறார்கள். அந்தத் தீர்ப்பைப் பேரன் தொலைபேசியில் எனக்கு வாசித்துக் காட்டினான். பாதியில் குரல் நின்றுவிட்டது. கொடிக்கு நிற்காதவன் எதற்கு அழுகிறான்?

அவனைத் தேசிய அணி அழைக்கப்போவதில்லை. முப்பது வயது, மூன்றாம் பிரிவுப் பின்கள ஆட்டக்காரன். அவனுக்கும் தெரியும், எனக்கும் தெரியும். அடுத்த ஜூனில் மெக்சிகோ ஆட்டத்தை அவனும் ஏதோ ஓர் ஊரில் டிவியில்தான் பார்ப்பான். இந்தியாவில் இரட்டைக் குடியுரிமையே கிடையாது. அந்த அணிக்கு ஆடுவதற்காக ரயன் வில்லியம்ஸ் என்ற ஆஸ்திரேலியப் பையன் இந்த ஆண்டு தன் ஆஸ்திரேலியக் குடியுரிமையைக் கைவிட்டிருக்கிறான். அதைச் சொல்லி, நீ இப்படிச் செய்வாயா என்று பேரனைக் கேட்டேன். "தாத்தா, ஒன்றை விட்டால்தான் இன்னொன்று என்று என்னை ஏற்கெனவே ஒருமுறை கேட்காமலே செய்துவிட்டார்களே" என்றான்.

ஸ்வீடனில் பருவம் நவம்பரில் முடிந்துவிட்டது. 16-ஆம் தேதி வருகிறான். வந்த மறுநாளே புதிய பாஸ்போர்ட்டுக்கு விண்ணப்பிக்க வரிசையில் நிற்கப் போகிறான். கூடவே நானும் நிற்கப் போகிறேன். ஜனவரிக்கு இன்னும் கிளப் எதுவும் அமையவில்லை. குடியுரிமைத் தாள் கையில் வந்தால் இங்கேயே இரண்டாம் பிரிவில் கேட்டுப் பார்க்கலாம் என்கிறான்.

20-ஆம் தேதி சனிக்கிழமை நீ இங்கே வர வேண்டும். மாரிட்ஸ்பர்க்கிலிருந்து காலை பஸ்ஸில் ஏறினால் போதும், டவுனில் இறங்கும் இடத்துக்கு அவன் காரோடு வருவான். முழங்கால் வலித்தால் முன் இருக்கையில் காலை நீட்டிக்கொள். மருமகள் ஆட்டுக்கறிக் குழம்பு வைப்பாள். லிச்சி முடிவதற்குள் வந்துவிடு. அந்த 1972-ஆம் ஆண்டுத் தாள் இன்னும் உன்னிடம் இருந்தால் எடுத்து வா. அவன் அதைப் பார்க்க வேண்டும் என்று இரண்டு முறை கேட்டுவிட்டான்.

என்றும் உன்,
மேகசின் பாரக்ஸ் நண்பன்