பங்காளித் தகராறுக்குக் கைவிலங்கு எதற்கு?

ஆசிரியருக்கு வணக்கம்.

பாகப்பிரிவினைத் தகராறு போக வேண்டிய இடம் சிவில் நீதிமன்றம். அங்கே இழுத்தடிக்கும் என்று, அண்ணன் மேல் தம்பி மோசடிப் புகார் கொடுத்துவிடுகிறார். அப்புறம் சமரசம் பேசவே வழியில்லாமல் போகிறது.

இத்தகைய வழக்கை ரத்து செய்ய உயர் நீதிமன்றத்துக்கு அதிகாரம் உண்டு. முன்பு குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 482-வது பிரிவு, 2024 ஜூலை 1 முதல் அதற்குப் பதிலாக வந்த பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதா என்ற புதிய சட்டத்தின் 528-வது பிரிவு. போலிப் பத்திரம், அடிதடி என்றால் சரி, விசாரணை நடக்கட்டும். வெறும் பங்குச் சண்டைக்கு ஏன் ஒரு குடும்பம் உயர் நீதிமன்றம் வரை அலைய வேண்டும்?

குடும்பத் தகராறுகளில் எஃப்ஐஆருக்கு முன் முதற்கட்ட விசாரணை நடத்தலாம் என்று 2013-லேயே உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. காவல் நிலையங்கள் அதை உண்மையாகச் செய்ய வேண்டும்.

இப்படிக்கு,
ஒரு வாசகர்